கூலித்தறியும் சொந்தப் பாவும்: ஜான் கசாவெட்டிஸின் கணக்கு

சோமனூருக்குப் பக்கத்தில் என் நண்பர் ஒருவருக்குப் பன்னிரண்டு விசைத்தறிகள் இருந்தன. இப்போது எட்டு. நான்கைப் பழைய இரும்பு விலைக்கு எடைபோட்டுக் கொடுத்துவிட்டார். மீதி எட்டையும் கொடுத்து, கொஞ்சம் கடனும் வாங்கிச் சேர்த்தால் ஒரு படம் எடுத்துவிடலாம் என்று அவருடைய மகன் ஒரு நோட்டில் கணக்குப் போட்டு வைத்திருக்கிறான். கோவையில் விஷுவல் கம்யூனிகேஷன் படித்தவன். இரண்டு குறும்படங்கள் எடுத்திருக்கிறான். ஒன்றில் அவனே நடித்தும் இருக்கிறான், மோசமில்லை. சினிமா பார்த்துக் கெட்டுப்போனவன் என்று ஊரில் எனக்கு ஒரு பெயர் உண்டு என்பதால் நோட்டை எடுத்துக்கொண்டு என்னிடம் வந்தான்.

"சொந்தமாக எடுத்து, சொந்தமாக நடித்து, சொந்தமாகவே வெளியிட்டவர் யாராவது பிழைத்திருக்கிறார்களா மாமா?" என்று கேட்டான்.

ஒருவர் இருந்தார், அமெரிக்க நடிகரும் இயக்குநருமான ஜான் கசாவெட்டிஸ் என்றேன். அவருடைய வரவு செலவை அன்று வாய்மொழியாகச் சொன்னேன். சொன்னதைக் கொஞ்சம் ஒழுங்குபடுத்தி இங்கே எழுதுகிறேன்.

அதற்கு முன், தறி தெரியாதவர்களுக்காக ஒரு விளக்கம். எங்கள் பக்கத்தில் தறி ஓட்டுவதில் இரண்டு வகை உண்டு. ஜவுளி உற்பத்தியாளர் பாவும் (நீளவாட்டு நூல்) ஊடை நூலும் (குறுக்கே ஓடுவது) கொடுப்பார். தறிக்காரர் அதைக் காடாத் துணியாக, அதாவது சாயம் போடாத துணியாக நெய்து திருப்பிக் கொடுத்து, மீட்டருக்கு இவ்வளவு என்று கூலி வாங்கிக்கொள்வார். இது கூலித்தறி. நூல் விலை ஏறினாலும் இறங்கினாலும் இவருக்குப் பாதிப்பில்லை. கூலி ஏறாததுதான் இவருடைய தீராத வழக்கு. இன்னொரு வகை, சொந்தக் காசில் நூல் வாங்கிப் பாவு போட்டு, நெய்த துணியைத் தானே சந்தைக்குக் கொண்டுபோய் விற்பது. விற்றால் காசு முழுக்கத் தன்னுடையது. விற்காவிட்டால் துணியும் முழுக்கத் தன்னுடையது. விவரமானவர்கள் எட்டுத் தறியைக் கூலிக்கு ஓட்டிக்கொண்டு, இரண்டு தறியில் மட்டும் சொந்தப் பாவு பிணைப்பார்கள்.

ஜான் கசாவெட்டிஸ் முப்பது வருடம் செய்தது இதைத்தான். அவரைப் பற்றி எழுதுகிறவர்கள் கலகக்காரர், சுயாதீன சினிமாவின் தந்தை என்று தொடங்கிவிடுவார்கள். எனக்கென்னவோ அவர் தறிக்காரராகத்தான் தெரிகிறார்.

1929இல் நியூயார்க்கில், கிரேக்கத்திலிருந்து குடியேறிய குடும்பத்தில் பிறந்தவர். நடிப்புப் பள்ளியில் பயின்று, 1950களில் நேரடி ஒளிபரப்புத் தொலைக்காட்சி நாடகங்களில் பெயர் எடுத்தார். 1954இல் நடிகை ஜீனா ரோலண்ட்ஸைத் திருமணம் செய்துகொண்டார். இவர் கணக்கில் ஜீனா எந்தப் பக்கம், வரவா முதலீடா என்று பிரித்துச் சொல்ல முடியாது. இரண்டும்தான்.

1957 தொடக்கத்தில், தான் நடித்த படம் ஒன்றுக்கு விளம்பரமாக ஜீன் ஷெப்பர்டு என்பவரின் நள்ளிரவு வானொலி நிகழ்ச்சியில் பேசப் போனார். போன இடத்தில் பேச்சு திசைமாறியது. மனிதர்களைப் பற்றிய உண்மையான படம் வேண்டும் என்று நினைப்பவர்கள் ஆளுக்கு ஒரு டாலர் அனுப்பினால் தானே எடுத்துக் காட்டுவதாகச் சொல்லிவிட்டார். சொன்னவருக்கே அது விளையாட்டு. ஆனால் காசு வந்தது. பெரும்பாலும் ஒற்றை டாலர் நோட்டுகளாக, மொத்தம் சுமார் 2,000 டாலர். மலையாளத்தில் ஜான் ஆபிரகாமும் ஒடேசா நண்பர்களும் ஊர் ஊராகப் போய் மக்களிடம் காசு திரட்டிப் படம் எடுத்து 1986இல் வெளியிட்டார்கள். பாலக்காட்டுக் கணவாய்க்கு அந்தப் பக்கம் நடந்த அந்தக் கதை நம் ஊரில் பலருக்கும் தெரியும். இது அதற்கு முப்பது வருடம் முந்தியது.

அந்தக் காசில் தொடங்கியதுதான் 'ஷேடோஸ்'. தன்னுடைய நடிப்புப் பட்டறை மாணவர்களை வைத்து, 16 மி.மீ. கேமராவில், நியூயார்க் தெருக்களில் எடுத்தார். சார்லஸ் மிங்கஸ் இசை. 1958 கடைசியில் இலவசமாகத் திரையிட்டுப் பார்த்தபோது பார்வையாளர்களுக்குப் பிடிக்கவில்லை. ஜோனாஸ் மேகஸ் என்ற விமர்சகர் மட்டும் தலையில் தூக்கிவைத்துக் கொண்டாடினார். கசாவெட்டிஸ் கூட்டத்தின் பக்கம் நின்றார். மறுபடியும் கடன் வாங்கி, பாதிக்கு மேல் புதிதாக எடுத்துச் சேர்த்து 1959இல் இரண்டாவது வடிவத்தைக் கொண்டுவந்தார். மேகஸ் கோபித்துக்கொண்டு, வணிகத்துக்கு விலைபோய்விட்டார் என்று எழுதினார். படத்தின் கடைசியில், நீங்கள் இப்போது பார்த்தது எழுதாமல் அங்கங்கே நடித்து உருவாக்கிய படம் என்று ஒரு அட்டை வரும். இரண்டாவது வடிவத்தில் பெரும்பகுதி வசனம் எழுதி எடுக்கப்பட்டது என்று பின்னால் ஆராய்ந்தவர்கள் சொல்கிறார்கள். நல்ல லேபிள் ஒட்டத் தெரிந்தவர்தான்.

மொத்தச் செலவு சுமார் 40,000 டாலர். அமெரிக்காவில் வாங்க ஆளில்லை. 1960இல் வெனிஸ் விழாவில் விமர்சகர் விருது கிடைத்தது. பிரிட்டிஷ் லயன் என்ற ஆங்கிலேய நிறுவனம் வாங்கியது. நியூயார்க்கில் நெய்த துணி லண்டன் போய் முத்திரை வாங்கிக்கொண்டு திரும்பிவந்தது. இடையில் கடனை அடைக்க, ஜாஸ் பியானோ வாசிக்கும் துப்பறிவாளனாக 'ஜானி ஸ்டக்காட்டோ' தொலைக்காட்சித் தொடரில் நடித்தார். 27 அத்தியாயங்கள். முதல் கூலித்தறி.

'ஷேடோஸ்' கிளப்பிய பேச்சில் ஸ்டூடியோக்கள் அவரை இயக்குநராகக் கூப்பிட்டன. இரண்டு படங்கள், இரண்டும் கசப்பு. இரண்டாவதான 'எ சைல்ட் இஸ் வெயிட்டிங்' (1963) படத்தைத் தயாரிப்பாளர் ஸ்டான்லி கிராமர் தன் விருப்பத்துக்கு வெட்டி ஒட்டியதும், கசாவெட்டிஸ் அது தன் படமே இல்லை என்று ஒதுங்கிக்கொண்டார். இதிலிருந்துதான் ஒரு தெளிவு வந்திருக்க வேண்டும்: நடிப்பைக் கூலிக்குச் செய்யலாம், இயக்கத்தைக் கூலிக்குச் செய்யக்கூடாது. நடிகன் கெட்ட படத்தில் நடித்தால் ஒரு மாதம் போகும். இயக்குநர் கெட்டுப்போனால் மிஞ்சுவது ஒன்றுமில்லை.

1965இல் 'ஃபேசஸ்' தொடங்கினார். படப்பிடிப்பு அவர் வீட்டிலும் மாமியார் வீட்டிலும். மறுபடியும் 16 மி.மீ., கறுப்பு வெள்ளை. நடித்தவர்களுக்கும் வேலை செய்தவர்களுக்கும் சம்பளத்துக்குப் பதில் பங்கு. கணவன் விவாகரத்து கேட்கும் இரவில் உடைந்துபோகும் மனைவியாக நடித்த லின் கார்லின் அதுவரை ஒரு அலுவலகத்தில் செயலாளராக இருந்தவர். படப்பிடிப்பு ஆறு மாதம். எடிட்டிங் மூன்று வருடம், வீட்டு கராஜில். அந்த மூன்று வருடமும் அடுப்பு எரிந்தது எப்படி என்று பாருங்கள். 1967இல் 'தி டர்ட்டி டஜன்', 1968இல் 'ரோஸ்மேரிஸ் பேபி'. இரண்டும் பெரிய ஸ்டூடியோ வெற்றிகள். இரண்டிலும் அவர் முக்கிய வேடம். பகலில் 'ரோஸ்மேரி' இயக்குநர் போலன்ஸ்கியோடு கூலித்தறி, இரவில் கராஜில் சொந்தப் பாவு.

1968இல் 'ஃபேசஸ்' வெளியானது. மூன்று ஆஸ்கர் பரிந்துரைகள்: திரைக்கதைக்குக் கசாவெட்டிஸ், துணை நடிப்புக்கு சீமோர் கசல், லின் கார்லின். செயலாளர் ஆஸ்கர் பட்டியலில் ஏறினார். 'டர்ட்டி டஜ'னுக்காக முந்தைய வருடமே கசாவெட்டிஸுக்குத் துணை நடிகர் பரிந்துரை கிடைத்திருந்தது. பின்னால் இயக்கத்துக்கும் ஒன்று வந்தது. நடிகராக, எழுத்தாளராக, இயக்குநராக மூன்று வகையிலும் பரிந்துரை. ஒன்றிலும் விருது இல்லை.

இனி இந்த வழக்கின் நடு முடிச்சுக்கு வருகிறேன். 1974, 'எ உமன் அண்டர் தி இன்ஃப்ளூயன்ஸ்'.

முதலில் இதை ஜீனாவுக்காக நாடகமாகத்தான் நினைத்தார். இந்தப் பெண்ணை வாரத்துக்கு எட்டுக் காட்சி மேடையில் நடித்தால் நான் செத்துப்போவேன் என்று ஜீனா சொன்னதால் படமானது. நடுவயதுப் பெண்ணின் மனக்குலைவை யார் பார்ப்பார்கள் என்று ஸ்டூடியோக்கள் கைவிரித்தன. வீட்டை அடமானம் வைத்தார். 'கொலம்போ' தொடரில் துப்பறிவாளனாக அமெரிக்கா முழுக்கத் தெரிந்த முகமான பீட்டர் ஃபாக் இந்தப் படத்தில் கணவன் வேடம். தன் கையிலிருந்து 5 லட்சம் டாலர் போட்டார். அவருக்கும் ஒரு கூலித்தறி ஓடிக்கொண்டிருந்தது என்பதைக் கவனிக்க வேண்டும். அமெரிக்கத் திரைப்படக் கழகத்தில் அப்போது தங்கு இயக்குநராக இருந்த வசதியில், மாணவர்கள் பலர் வேலைக்கு வந்தார்கள். கசாவெட்டிஸின் அம்மா, கதையில் மாமியார். ஜீனாவின் அம்மா, கதையிலும் அம்மா. எங்கள் ஊரில் தார் (ஊடை நூல்) சுற்ற ஆள் கிடைக்காதபோது ஆத்தாவும் அப்பத்தாவும் வந்து உட்காருவது போல.

ஒரு காட்சியை மட்டும் நெருங்கிப் பார்க்கலாம். நிக் நகராட்சிக் குழாய் வேலைக்காரன். அன்று இரவு மனைவி மேபலோடு தனியாக இருப்பதாகச் சொல்லியிருக்கிறான். பிள்ளைகளைக்கூடப் பாட்டி வீட்டுக்கு அனுப்பியாயிற்று. எங்கோ குழாய் உடைந்து ராத்திரி முழுக்க வேலை. விடிந்ததும் சகதிக் காலோடு கூட்டாளிகள் எல்லாரையும் வீட்டுக்குக் கூட்டிவருகிறான், குற்ற உணர்ச்சிக்குத் துணையாக. மேபல் எல்லாருக்கும் ஸ்பகெட்டி வேகவைக்கிறாள். நீளமான மேஜை. கரண்டிச் சத்தம், ஒருவர் பெயரை ஒருவர் கேட்டல், அசட்டுச் சிரிப்பு. ஒரு தொழிலாளி எழுந்து ஆபரா பாட ஆரம்பிக்கிறார். மேபலுக்கு மகிழ்ச்சி தாங்கவில்லை. எழுந்துபோய்ப் பாடுகிறவர் வாய்க்குள்ளேயே எட்டிப் பார்ப்பதுபோல் நிற்கிறாள். பிறகு இன்னொருவனை ஆட வா என்கிறாள். அவன் கூச்சத்தில் தட்டை விட்டுக் கண்ணை எடுக்க மாட்டேன் என்கிறான். அவள் விடுவதாயில்லை. மேஜையில் பேச்சு ஒவ்வொன்றாக அணைகிறது. நிக் ஒரு கத்துக் கத்துகிறான். அவ்வளவுதான். ஆளுக்கு ஒரு சாக்குச் சொல்லிக்கொண்டு எல்லாரும் எழுந்து போகிறார்கள்.

அவள் செய்த தவறு என்ன? விருந்தோம்பலில் ஒரு பிடி உப்புக் கூடிவிட்டது. எந்த இடத்தில் கூடியது என்று காட்சியை நிறுத்தி நிறுத்திப் பார்த்தாலும் பிடிபடவில்லை. மருத்துவப் பெயர் எதுவும் சொல்லாமல், பின்னணி இசை வைத்து அழச் சொல்லாமல், ஒரு மேஜையைச் சுற்றியே இதைக் காட்டிவிடுகிறார். தொழிற்சங்கப் படங்களில் வரும் தொழிலாளியைவிட, ராத்திரி ஷிப்ட் முடித்துச் சிவந்த கண்ணோடு சாப்பிட உட்காரும் இந்த ஆட்கள் எனக்கு அதிகம் தெரிந்தவர்கள்.

படம் முடிந்தது, வாங்க ஆளில்லை. இங்கேதான் அவர் மற்ற கலைஞர்களிடமிருந்து பிரிகிறார். துணியைக் குடோனில் அடுக்கிவைத்துச் சந்தையைத் திட்டாமல், மூட்டையைத் தோளில் போட்டுக்கொண்டு சந்தைக்கே போனார். ஃபேசஸ் இன்டர்நேஷனல் என்று ஒரு விநியோக நிறுவனம் வைத்தார். ஒவ்வொரு தியேட்டர் உரிமையாளருக்கும் நேராக ஃபோன் போட்டுப் பேசினார்கள். கல்லூரிகளுக்குக் கசாவெட்டிஸும் ஃபாக்கும் போய்ப் படத்தைக் காட்டி மாணவர்களோடு பேசினார்கள். நியூயார்க் திரைப்பட விழாவில் காட்டினார்கள். ஊர் ஊராகப் பேச்சு பரவியது. கசாவெட்டிஸுக்குச் சிறந்த இயக்குநர், ஜீனாவுக்குச் சிறந்த நடிகை என்று இரண்டு ஆஸ்கர் பரிந்துரைகள். போட்ட காசு திரும்பி, அடுத்த படத்துக்கு முதலும் கிடைத்தது. 1990இல், அவர் இறந்த மறுவருடம், அமெரிக்க நாடாளுமன்ற நூலகம் பாதுகாக்க வேண்டிய படங்களின் பட்டியலில் இதைச் சேர்த்தது.

பையன் இந்த இடத்தில் நோட்டை மூடிவிட்டு எழுந்துவிட்டான். தறியை விற்றுவிடலாம் என்று முகத்தில் எழுதியிருந்தது. உட்காரச் சொன்னேன். வழக்கு இன்னும் முடியவில்லை.

வந்த காசை எடுத்து 'தி கில்லிங் ஆஃப் எ சைனீஸ் புக்கி' எடுத்தார். 1976இல் அதே முறையில் தானே வெளியிட்டார். அதே ஆள், அதே நிறுவனம், அதே ஃபோன். 135 நிமிடப் படம் வந்த வேகத்தில் தியேட்டரைவிட்டு ஓடியது. பிறகு 108 நிமிடமாகக் குறைத்து 1978இல் மறுபடி விட்டுப் பார்த்தார், அதுவும் போகவில்லை. அடுத்த படமான 'ஓப்பனிங் நைட்' (1977) இன்னும் பரிதாபம். லாஸ் ஏஞ்சல்ஸில் ஒரு தியேட்டரில் காட்டியதோடு சரி. பெர்லினில் ஜீனாவுக்கு நடிப்பு விருது கிடைத்தும், அமெரிக்காவில் முறையாக வெளியானது அவர் இறந்த பிறகு, 1991இல்.

'புக்கி'யின் கதையே இந்த வழக்குக்கு இணைப்புப் பத்திரம் போலிருக்கும். காஸ்மோ விட்டெல்லி ஓர் இரவு விடுதி நடத்துகிறான். கதை தொடங்கும்போது விடுதிக் கடனின் கடைசித் தவணையைக் கட்டுகிறான். ஏழு வருடக் கடன், தீர்ந்தது. அந்தச் சந்தோஷத்தில் தன் விடுதிப் பெண்களை அலங்கரித்துக் கூட்டிக்கொண்டு போய்ச் சீட்டு மேஜையில் உட்கார்ந்து, ஒரே இரவில் 23,000 டாலர் தோற்கிறான். கடனை அடைக்க வழியில்லை. ஓர் ஆளைக் கொன்றுவிடு என்கிறார்கள். போகிற வழியில் காஸ்மோ டெலிபோன் பூத்திலிருந்து தன் விடுதிக்குப் பேசுகிறான். கொலைக்குப் போகிறவன் விசாரிப்பது, இப்போது மேடையில் எந்தப் பாட்டு ஓடுகிறது என்று. மந்தமான படம் என்கிறார்கள். இருக்கலாம். ஆனால் தொழில்மேல் கிறுக்குப் பிடித்தவனைப் பற்றி இதைவிட உண்மையாக எடுத்த காட்சியை நான் பார்த்ததில்லை. காஸ்மோ யார் என்று கேட்கத் தேவையில்லை.

மீதியை வேகமாகச் சொல்லிவிடலாம். கூலித்தறி மறுபடி ஓடியது: 1978இல் 'தி ஃப்யூரி'யில் வில்லனாக நடித்து, கடைசிக் காட்சியில் உடல் வெடித்துச் சிதறினார். விற்பதற்கென்றே ஒரு திரைக்கதை எழுதினார். கொலம்பியா ஸ்டூடியோ வாங்கி, ஜீனாவை நடிக்கவைத்து, அவரையே இயக்கச் சொன்னது. அதுதான் 'குளோரியா' (1980). வெனிஸில் தங்கச் சிங்கத்தை இன்னொரு படத்தோடு பங்குபோட்டுக்கொண்டது. 1984இல் 'லவ் ஸ்ட்ரீம்ஸ்', பெர்லினில் தங்கக் கரடி. கல்லீரல் முற்றிலும் கெட்டுப்போயிருந்தது. குடி. 1989 பிப்ரவரி 3இல், 59 வயதில் போய்ச் சேர்ந்தார். இந்தக் கணக்கில் செலவுப் பக்கம் அதையும் எழுத வேண்டும்; சுயாதீனம் என்று கொண்டாடுகிறவர்கள் அந்தப் பக்கத்தைப் புரட்டுவதில்லை.

இனி நம் ஊர்ப் பக்கம். சினிமா ஏதோ சென்னையின் சொத்து என்று நினைக்கிறவர்களுக்காகச் சொல்கிறேன்: கோவையில் சென்ட்ரல் ஸ்டூடியோவும் பட்சிராஜாவும், சேலத்தில் மாடர்ன் தியேட்டர்ஸும் இருந்த மண் இது. மாடர்ன் தியேட்டர்ஸை டி.ஆர். சுந்தரம் மில் நடத்துவதுபோல நடத்தினார் என்பார்கள். அதற்கும் முன்னால், 1905இல், ரயில்வேயில் வேலை பார்த்த சாமிக்கண்ணு வின்சென்ட் ஒரு பிரெஞ்சுக்காரரிடமிருந்து புரொஜெக்டரை வாங்கி, கூடாரம் அடித்து ஊர் ஊராகப் படம் காட்டினார். பிறகு கோவையில் வெரைட்டி ஹால் கட்டினார். அந்தத் தெருவுக்கே அந்தப் பெயர் நின்றுவிட்டது. அவர் முதலில் வாங்கியது கேமராவை இல்லை, புரொஜெக்டரை. பையனிடம் இதை இரண்டு முறை சொன்னேன்.

ஏனென்றால் அவன் நோட்டில் கேமரா வாடகை, லென்ஸ், சாப்பாடு, எடிட்டிங், ஒலிக்கலவை எல்லாம் இருந்தன. தணிக்கைச் சான்றுக்குக்கூட ஒரு வரி. வெளியீட்டுக்கு ஒன்றுமில்லை. தியேட்டருக்கு டிஜிட்டல் முறையில் படம் அனுப்பும் கட்டணம், போஸ்டர், ஒட்டுக்கூலி, எதுவுமில்லை. சினிமா வியாபாரக் கணக்கில் கொங்கு நாடு ஒரே ஏரியா அல்ல, இரண்டு: கோவை ஏரியா, சேலம் ஏரியா. அவுட்ரேட் (ஏரியா உரிமையை மொத்த விலைக்கு விற்பது), எம்.ஜி. (குறைந்தபட்ச உத்தரவாதத் தொகை), விநியோகம் (கமிஷனுக்கு வெளியிட்டுத் தருவது) என்று மூன்று வழியில் படம் கைமாறும். பெயர் தெரியாத புதுமுகத்துக்கு முதல் இரண்டும் கிடையாது. மூன்றாவதில் செலவு முழுக்க எடுத்தவன் தலையில். கசாவெட்டிஸ் இதையெல்லாம் செய்தபோது அவர் குரலை ஃபோனில் கேட்டதும் யாரென்று தியேட்டர்காரருக்குத் தெரியும். 'டர்ட்டி டஜன்' ஆள், 'ரோஸ்மேரி'யின் புருஷன். கூடப் பேசுகிறவர் கொலம்போ. கூலித்தறி சம்பாதித்துக் கொடுத்தது பணம் மட்டுமில்லை, ஃபோனை எடுக்க ஆளையும்தான்.

அவர் வீட்டை அடமானம் வைத்தார், கடன் வாங்கினார், நண்பன் காசைப் போட்டார். நடிப்பை மட்டும் ஒருநாளும் விடவில்லை. தறியை எடைக்குப் போடவில்லை. எட்டையும் விற்றுப் படம் எடுத்தால், அடுத்த நாள் உன்னிடம் இருப்பது காஸ்மோவின் சீட்டு மேஜை என்றேன். அவன் ஒத்துக்கொள்ளவில்லை. தறி ஓட்டினாலும் கூலி கட்டுப்படியாகவில்லையே, கரண்ட் பில்லுக்கும் உதிரிப் பாகத்துக்கும்தானே போகிறது, எதைக் காப்பாற்றச் சொல்கிறீர்கள் என்று கேட்டான். அதற்கு என்னிடம் நல்ல பதில் இல்லை. கசாவெட்டிஸின் கூலித்தறி அந்தக் கால ஹாலிவுட்டில் நன்றாகவே கூலி கொடுத்தது.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை, தறி நிறுத்தியிருந்த சாயங்காலத்தில், நான்கு தறி எடுத்த காலியிடத்தில் காடாத் துணியையே இழுத்துக் கட்டி மேபல் படத்தைப் போட்டோம். பஞ்சுத்தூசி வெளிச்சத்தில் மிதந்துகொண்டிருந்தது. பார்த்தவர்கள் ஏழு பேர். ஸ்பகெட்டிக் காட்சியில் பையனின் அம்மா, "சொல்லாமல் கொள்ளாமல் இத்தனை பேரைக் கூட்டி வந்தால் அவள் என்னதான் செய்வாள்" என்றார். பையனின் அப்பா இரண்டரை மணி நேரமும் வாயைத் திறக்கவில்லை. முடிந்ததும் எழுந்து துணியை அவிழ்த்து மடித்துக்கொண்டே என்னிடம் கேட்டார்.

"அடமானம் வைத்த வீடு என்ன ஆச்சுங்க?"

"கையைவிட்டுப் போகவில்லை. பத்து வருடம் கழித்து ஒரு படத்தை அந்த வீட்டிலேயே எடுத்தார்" என்றேன்.

"ம்" என்றார். மடித்த துணியைப் பீஸ் கட்டோடு வைத்துவிட்டு, ஐந்தாம் நம்பர் தறியில் பாவு தீரப்போகிறது, காலையில் பிணைக்க ஆள் வரச்சொல்ல வேண்டும் என்று மகனிடம் சொன்னார். அவன் ஃபோனை எடுத்துக்கொண்டு வெளியே போனான்.